மிக்கேலு தேய்ச்ச படம்

காமயகவுண்டன்பட்டி மிக்கேலு திராட்சைக் கொடிக்கு மருந்தடிக்கிறவரு. திடீர்னு டைரக்டர் ஆயிட்டாரு. சின்னமனூர்ல குறும்படப் போட்டி. பேயி கூடாது, ரத்தம் கூடாது. வீட்டுல தெனமும் நடக்குற வேலையக் காட்டியே பாக்குறவனுக்கு அடிவயிறு கலங்கணும். இன்னைக்குச் சாயந்தரம் கடைசி.

நேத்துப் பூரா குழாய் சொட்டுறத எடுத்தாரு. போட்டுப் பாத்தா பயம் வரல, ஒண்ணுக்குத்தேன் வந்துச்சு. அடுத்து, பொண்டாட்டி ரோஸ்லின் பாத்திரம் வெளக்குறத எடுக்கப் போனாரு.

"நான் வெளக்குனா எவன் பயப்படுவான்? நீங்க வெளக்குங்க, தெருவே அரளும்"னா அவ.

மிக்கேலுக்குக் கண்ணு கலங்கிருச்சு. மாதாவாப் பாத்துக் குடுத்த பொண்டாட்டின்னு உருகி, செல்போன அவ கையில குடுத்தாரு. நான் கேமராப் பக்கம் திரும்பவே மாட்டேன், திரும்புனா நடிப்பு கெட்டுரும்னாரு. அவ காதுல ஹெட்போன் மாட்டுனா. சவுண்டு வேற பாக்குறாளேன்னு இன்னும் உருகுனாரு.

அடிப்பிடிச்ச குக்கர்லதேன் ஆரம்பம்.

"இங்கேருங்க, சரியா விழுகல. ரீடேக்கு."

"இப்பத்தானடி தேய்ச்சேன்?"

"ரீடேக்குன்னா திரும்பத் தேய்க்கிறதுதான?"

குக்கர்ல அவரு மூஞ்சி தெரியுற வரைக்கும் ரீடேக்கு. அப்புறம் அழுக்குத் துணி. அப்புறம் கக்கூசு, அதுதேன் கிளைமாக்ஸாம். பக்கத்து வீட்டு முனீஸ்வரி எட்டிப் பாத்துட்டு, அண்ணனுக்கு மேலுக்கு ஏதும் முடியலையான்னு வெலவெலத்துக் கேட்டுச்சு. மிக்கேலுக்குப் புல்லரிச்சுப் போச்சு. படம் வேலை செய்யுதே.

ஈரக் கையத் தொடச்சுட்டு செல்போன வாங்கிப் பாத்தாரு. அதுல நேத்து எடுத்த குழாய் மட்டும் சொட்டிக்கிட்டு இருந்துச்சு.

"நான் எங்கடி?"

"செல்லு ரொம்பிப் போச்சுன்னு காட்டுச்சுங்க. எல்லாம் ஒங்க குழாய். அழிச்சா வைவீகளேன்னு, வடுகபட்டிக்கு எங்கம்மாவுக்கு வீடியோ காலப் போட்டுட்டேன். கண்ணெடுக்காமப் பாத்தாக."

போட்டி போச்சு. மாமியா முன்னாடி மானமும் போச்சு. மிக்கேலு தொப்புன்னு ஒக்காந்துட்டாரு.

"அழுதுட்டாகங்க. இப்பேர்ப்பட்ட மருமகனக் குடுத்தியேன்னு மாதாவுக்கு மெழுகுதிரி ஏத்தப் போயிருக்காக."

கல்யாணமான நாள்ல இருந்து மாமியா வாயில நல்ல வார்த்தையே வாங்காத மனுசன். நெஞ்சு கரைஞ்சு போச்சு. எல்லாம் ஒன்னாலதாண்டின்னு ரோஸ்லின் கையப் புடிச்சுக்கிட்டாரு. ஆனாலும் டைரக்டர் மனசு கேக்கல.

"ஒருத்தரு கூடவா பயப்படல?"

"அம்மா வீட்டுக்கு விருந்துக்கு வந்திருந்த ஒங்க சகலைக ரெண்டு பேரும் நல்லாத்தேன் பாத்துக்கிட்டிருந்தாகளாம். எங்க அக்காமாரு எந்திரிச்சு அடிப்பிடிச்ச குக்கரத் தூக்கிட்டு வரவும், செவரேறிக் குதிச்சு ஓடிட்டாகளாம்."