இடப்பக்க இருக்கை

இந்த முறை ஒயின் குடித்தே தீருவது என்று கிளைவ் பாஸ்கோ முடிவு செய்துவிட்டார்.

குடிக்கத் தெரியாதவர் அல்ல, குடிக்கக் கொடுத்து வைக்காதவர். அடிலெய்டில் பஸ் ஓட்டி ஓய்வு பெற்றவர். ஊரையெல்லாம் உட்கார வைத்து ஓட்டியவருக்கு வீட்டிலும் அதே உத்தியோகம்தான். வருஷா வருஷம் மனைவி லொரேனோடு தெற்குக் கடலோரச் சாலையில் ஓர் உலா. வழியெல்லாம் ஒயின் பண்ணைகள். லொரேன் திராட்சை விவசாயி மகள். ஒவ்வொரு பண்ணையிலும் இறங்கி, ஐந்தாறு கிளாஸ் ருசி பார்த்து, குறை நிறை சொல்வாள். கிளைவ் கிளாஸுக்குள் மூக்கை மட்டும் விடுவார். திருப்பத்துக்குத் திருப்பம் போலீஸ் நிறுத்தி ஊதச் சொல்லும் ஊரில் வண்டி ஓட்டுகிறவன் வேறென்ன செய்வான்? லொரேனுக்கோ ஸ்டியரிங்கைப் பார்த்தாலே படபடப்பு. கல்யாணமான நாளிலிருந்து அப்படித்தான் சொல்கிறாள்.

இந்தக் கல்யாண நாளுக்கு அவளிடம் ஒரு பொட்டலத்தை நீட்டினார். பிரித்தால், வண்டியில் மாட்டும் மஞ்சள் 'எல்' பலகைகள் இரண்டு.

"என்ன இது?"

"உன் சுதந்திரம், செல்லம். நீ கார் ஓட்டக் கத்துக்கப்போற."

"இத்தனை வருஷமா இல்லாத சுதந்திரம் இப்ப எதுக்கு?"

"நாளைக்கே எனக்கு ஒண்ணு ஆயிட்டா?"

"பஸ்ல போறேன்."

"பொம்பளைங்க எதுக்கும் புருஷன் கையை எதிர்பாக்கக் கூடாது, லொரேன்."

"டிவி ரிமோட்டைக்கூடக் கையில குடுக்காத மனுஷன் பேசற பேச்சா இது?"

ஆனாலும் சம்மதித்துவிட்டாள். கொஞ்சம் சீக்கிரமாகவே சம்மதித்தாள் என்பது கிளைவுக்கு உறைக்கவில்லை. சாலை விதிப் புத்தகத்தை விழுந்து விழுந்து படித்தாள். தேர்வில் ஒரு தப்புகூட இல்லை. கிளைவ் அந்தப் புத்தகத்தின் அட்டையைக்கூடத் தொடவில்லை. பஸ் ஓட்டியவனுக்கே விதி சொல்லித் தருவதா!

சனிக்கிழமை காலை புறப்பட்டார்கள். பலகைகளை அவரே மாட்டினார். இந்த உலாவில் முதல் முறையாக இடப்பக்க இருக்கையில் சாய்ந்தார். செருப்பைக் கழற்றினார். ஜன்னலில் முழங்கை. வெளியே நீலக் கடல். அட, இந்தச் சாலையில் கடல் இவ்வளவு பெரிதா! இத்தனை வருஷமும் அவர் பார்த்ததெல்லாம் முன்னால் போகிற வண்டியின் முதுகுதான். சந்தோஷத்தில் அவருக்குக் கண்ணே கலங்கிவிட்டது.

வில்லுங்கா மலை வளைவுகளில் லொரேன் வெண்ணெயில் கத்தி போலப் போனாள். "எல்லாம் என் பயிற்சி" என்று கிளைவ் மார்தட்டிக்கொண்டார். ஆளில்லாத கார் நிறுத்தத்தில் அவளை இரண்டு சுற்றுச் சுற்ற விட்டதுதான் பயிற்சி.

முதல் பண்ணை. கடல் பார்த்த மேடு. பண்ணைக்காரம்மா கிளாஸ்களை வரிசையாக வைத்து ஷிராஸ் என்ற சிவப்பு ஒயினை ஊற்றினாள். கிளைவ் பழக்க தோஷத்தில் முதலில் மூக்கை விட்டார். பிறகு உதட்டருகே கொண்டு போனார். மணிக்கட்டில் ஒரு கை விழுந்தது.

"வை கீழே."

"ஏன்?"

"கத்துக்கறவ பக்கத்துல உக்கார்றவருக்கும் ஓட்டறவர் கணக்குத்தானாம். ரெண்டு வாய்க்கு மேல கூடாது. புத்தகத்துல இருக்கு."

"நான் சும்மா உக்காந்து வர்றவன் லொரேன்!"

"சும்மாவா? நீதானே என் வாத்தியார்!"

கிளைவ் பரிதாபமாகப் பண்ணைக்காரம்மாவைப் பார்த்தார்.

"அவங்க சொல்றது சரிதாங்க. போன வாரம்கூட ஒருத்தர் மகளுக்குச் சொல்லிக் குடுக்கறேன்னு வந்து மாட்டிக்கிட்டாரு."

"சரி, நீயாவது குடிச்சுத் தொலை."

"கத்துக்கறவளுக்கு ஒரு சொட்டுகூட ஆகாது."

நிறைந்த கிளாஸ்கள் நடுவில். காய்ந்த வாய்கள் இருபக்கமும். லொரேன்தான் மெல்ல ஆரம்பித்தாள்.

"யோசிச்சுப் பாரு கிளைவ். நான் ஓட்டினா ரெண்டு பேருக்கும் இல்ல. நீ ஓட்டினா ஒருத்தருக்காவது உண்டு. ரெண்டு பேரும் காயறதைவிட ஒருத்தராவது நனையறது நல்லதில்லையா?"

கிளைவ் இந்தக் கணக்கை மேலிருந்து கீழாகவும் கீழிருந்து மேலாகவும் போட்டுப் பார்த்தார். தப்பே இல்லை. வெளியே போய்ப் பலகைகளைக் கழற்றி வைத்துவிட்டு வந்தார். அதற்குள் அவள் மூன்றாவது கிளாஸில் இருந்தாள். முகத்தில் நல்ல செம்மை.

"போகட்டும், முழு லைசென்ஸ் வாங்கிட்டா பக்கத்துல வாத்தியார் வேணாமில்ல? அப்ப நீ ஓட்டு, நான் குடிக்கறேன்."

"புதுசா லைசென்ஸ் வாங்கினவங்களும் வண்டி எடுக்கறன்னிக்கு வாயில வைக்கக் கூடாதாம். அதுவும் சில வருஷத்துக்கு. புத்தகத்துல இருக்கு."

"அந்தப் புத்தகத்தைக் கொளுத்து!" என்றார் கிளைவ். பிறகு ஏக்கத்தோடு, "ஆனா அந்த வளைவுல என்னமா ஓட்டினே! கத்துக் குடுத்த கை அப்படி" என்றார்.

லொரேன் சிரித்தாள். நாலாவது கிளாஸ் உள்ளே போனால் உண்மை வெளியே வரும்.

"நீ எங்கே கத்துக் குடுத்தே? பன்னண்டு வயசுல எங்கப்பாவோட டிராக்டர்ல திராட்சை ஏத்திக்கிட்டு இதே மலையில இறங்கினவ நான்."

கிளைவ் அவள் பக்கம் திரும்பினார்.

"அப்ப... கல்யாணமானதுலேருந்து ஸ்டியரிங்கைப் பார்த்தாலே படபடங்குதுன்னியே, எதுக்கு?"

அவள் கிளாஸை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்து, ஒரு வாய் உறிஞ்சி, கண்ணை மூடிக்கொண்டு சொன்னாள்.

"இதுக்குத்தான்."