புளியமரத்தின் மேல் ஒரு ஜெர்மன் கதாநாயகன்

படித்தால் பணிவு வரும் என்பார்கள். எனக்கு வாய்தான் வந்தது. எங்கள் குடும்பத்தில் முதன்முதலாகக் கல்லூரிக்குப் போனவள் நான் (இதை யாரும் கேட்காமலேயே சொல்லிவிடுவேன்).

அப்போது கல்வராயன் மலையில் ஒரு சின்ன ஆஸ்பத்திரியில் எழுத்தர் வேலை எனக்கு. அங்கிருந்த ஜெர்மானிய நர்ஸம்மாவைப் பார்க்க அவருடைய அண்ணன் யோஹான் வந்திருந்தார். அந்த நாட்டு சினிமாவில் சிரிப்பு நடிகர். முப்பது வருடமாக ஓட்டல் சர்வர், தபால்காரர், போலீஸ்காரர். வேடம் எதுவானாலும் வேலை ஒன்றுதான்: கதவைத் திறப்பார், வழுக்கி விழுவார், கதாநாயகன் அவரைத் தாண்டிப் போவான்.

திடீரென்று தந்தி வந்தது. ஒரு படத்தின் முக்கிய வேடக்காரர் விலகிவிட்டார். உடனே வந்தால் அந்த வேடம் யோஹானுக்கு, இல்லாவிட்டால் வேறொருவருக்கு. அன்றிரவே மெட்ராஸில் விமானம். மலைக்குக் கீழேயோ இட ஒதுக்கீட்டுப் போராட்டம். சாலையெங்கும் மரங்களை வெட்டிப் போட்டிருந்தார்கள்.

"நம்ம ஜனங்கதானே, நான் பேசிக்கிறேன்" என்று ஜீப்பில் முன்னால் ஏறி உட்கார்ந்தேன்.

கச்சிராயபாளையம் தாண்டியதும் சாலைக்குக் குறுக்கே ஒரு முழுப் புளியமரம். சுற்றிலும் கோடாலியோடு ஆட்கள். ஒருவன் ஜீப்பின் மூக்கில் ஓங்கி அடித்தான். வெள்ளைக்காரரும் வெளுத்துப்போவார் என்று அன்றுதான் கண்டேன். கூட்டத்தின் தலைவர் என் தாய்மாமன் என்று தெரிந்த பிறகே எனக்கு மூச்சு வந்தது.

"இன்னா பாப்பா, இந்தக் கலாட்டாவுல எங்க போய்க்கினு கீற?"

"இவருக்கு ராத்திரி ஏரோப்ளேன், மாமா."

மாமா உள்ளே எட்டிப் பார்த்தார். "விருந்தாளிடா. வுட்ருங்க. ஓரத்துக் கெளைய நவுத்துங்க, வண்டி போவட்டும்."

கிளை நகர்ந்தது. டிரைவர் வண்டியைக் கிளப்பினார். அப்போது பின்னாலிருந்து ஒரு குரல்: "யாருடா இவன், மருந்து விக்கிறவனா?"

எனக்குப் பொறுக்கவில்லை. "யாருன்னு தெரியுமா? ஜெர்மனியிலயே பெரிய ஹீரோ!"

கிளை மறுபடியும் சாலைக்கு வந்தது.

"ஹீரோவா? அப்ப ஒரு சண்ட போடச் சொல்லு!"

ஒரு தடியன் சட்டையைக் கழற்றினான். நடந்ததை யோஹானுக்கு ஆங்கிலத்தில் சொன்னேன் (நடுக்கத்தில் இலக்கணம் எல்லாம் போய்விட்டது). என்னை ஒரு பார்வை பார்த்தார். இறங்கினார். கோட்டுப் பொத்தானைப் போட்டுக்கொண்டார். மரத்தின் மேல் ஏறி, முஷ்டியை உயர்த்தி, முறைத்து, வழுக்கி விழுந்தார்.

கூட்டம் தன்னைக் கேலி செய்கிறோம் என்று நினைத்துவிட்டால்? நான் கோடாலிகளை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தேன்.

முதலில் சிரித்தது மாமாதான். பிறகு கூட்டமே குலுங்கியது. "இன்னொரு வாட்டி சார்!" விழுந்தார். கரும்புக்கொல்லையிலிருந்து பெண்கள் ஓடிவந்தார்கள். "இவங்க பாக்கல சார், மொதல்லேர்ந்து!" மீண்டும் விழுந்தார். நான் கடிகாரத்தைக் காட்டிக் கெஞ்சினேன்.

"சும்மா இரு பாப்பா, நையிநையின்னுகினு."

யோஹானும் நிறுத்துவதாக இல்லை. முப்பது வருடத்தில் 'இன்னொரு முறை' என்று அவரை யாருமே கேட்டதில்லையாம்.

விமானம் போனது. வேடமும் போனது. அவர் ஊருக்குத் திரும்பி மறுபடியும் சர்வராகத் தட்டோடு விழுந்துகொண்டிருக்கிறார் என்று நர்ஸம்மா சொன்னார், என்னோடு பேச ஆரம்பித்த பிறகு.

எங்கள் குடும்பத்தில் யார் பெருமையடித்தாலும் இன்றும் மாமாவின் குரல் எழும். என் கல்யாண மேடையிலும் விடவில்லை. "பேங்க்ல பெரிய ஆபீசர்" என்று மாப்பிள்ளையைத் தோழிகளுக்கு அறிமுகப்படுத்திக்கொண்டிருந்தேன்.

"அப்ப ஒரு வாட்டி வுழுந்து காட்டச் சொல்லு!"

மண்டபமே சிரித்தது. பேங்கில் மாப்பிள்ளை குமாஸ்தா.