லண்டனில் யாருக்கும் தெரியாத லண்டன் புரொயில்

ஆரணி, கவின், ஒரு சாப்பாட்டின் பெயரில் ஓர் ஊர் இருக்கிறது என்பதற்காக, அந்த ஊரில் அது கிடைக்கும் என்று ஒருநாளும் நம்பிவிடாதீர்கள். இதை நான் பள்ளிக்கூடத்தில் படிக்கவில்லை. (பத்தாம் வகுப்போடு நான் பள்ளிக்கூடத்துக்கு விடை கொடுத்தது உங்களுக்குத் தெரியும்.) தீயணைப்புப் படையை லண்டனில் நம் நோர்பரி வீட்டுக்கு வரவழைத்துத்தான் படித்தேன்.

அப்போது ஆரணிக்கு ஆறு வயது. கவின் அம்மாவின் இடுப்பில். ஆரணிக்கு ஞாபகம் இருப்பது ஹெல்மெட் போட்ட மாமாக்கள் மட்டும்தான். முழுக் கதையையும் இப்போது எழுதி வைக்கிறேன். ஏனென்றால் அம்மா சொல்லும் கதையில் நான் இன்னும் பெரிய முட்டாளாக வருகிறேன்.

அம்மாவின் அண்ணை, உங்கள் நியூ ஜெர்சி மாமா, எங்கள் கலியாணத்துக்குப் பிறகு பதினொரு வருடம் அம்மாவோடு கதைக்கவில்லை. அவர் அங்கே ஓர் எஞ்சினியர் மாப்பிள்ளையைப் பேசி வைத்திருக்க, அம்மா இங்கே சிப்ஸ் கடையில் கிழங்கு பொரித்துக்கொண்டிருந்த என்னைக் கட்டினார். (அவர் கோபத்தில் நியாயம் இருந்தது. நான் அண்ணையாக இருந்திருந்தால் இருபது வருடம் கதைத்திருக்க மாட்டேன்.) ஒவ்வொரு தைப்பொங்கலுக்கும் அம்மா ஃபோன் எடுப்பார். மாமிதான் எடுத்து, "அவர் வெளியில போயிட்டார்" என்பார். பின்னால் மாமா இருமுவது தெளிவாகக் கேட்கும்.

ஒரு சித்திரை மாதம் மாமாவே எடுத்தார். கொழும்பிலிருந்து திரும்பும் வழியில் லண்டனில் ஒரு பகல் நிற்கிறாராம். வீட்டுக்கு வரலாமா என்று கேட்டார். அம்மா ஃபோனை என் கையில் திணித்துவிட்டுச் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"வாங்கோ அத்தான். என்ன சமைக்கட்டும்?"

"பெரிசா ஒண்டும் வேண்டாம். இஞ்ச நாங்கள் லண்டன் புரொயில் எண்டு ஒரு ஸ்டேக் சாப்பிடுறனாங்கள். அதை ஒருக்கா அதின்ர சொந்த ஊரில சாப்பிட்டுப் பாக்க வேணும். நீர் சாப்பாட்டுக் கடைக்காரன்தானே, உமக்குத் தெரியாமல் இருக்காது."

அந்தப் பெயரை நான் வாழ்நாளில் கேள்விப்பட்டதில்லை. ஆனால் பதினொரு வருடத்துக்குப் பிறகு அந்த மனிதர் என்னிடம் கேட்ட முதல் கேள்வி அது. "ஓம் அத்தான். இஞ்ச வீட்டுக்கு வீடு அதுதானே. நான் கிழமைக்கு ரெண்டு தரம் கடையில போடுறனான்" என்றேன்.

ஃபோனை வைத்த பிறகுதான் ஸ்டேக் என்றால் மாட்டிறைச்சி என்பது உறைத்தது. எங்கள் வீட்டுக்குள் அது வந்ததே இல்லை. அம்மா கொஞ்ச நேரம் சாமித் தட்டைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

"அண்ணைக்கெண்டா சமையுங்கோ. ஆனா அடுப்படிக்குள்ள வரக் கூடாது. ஷெட்டுக்குள்ள, புதுச் சட்டியில. சமைச்சு முடிய நீங்கள் முழுகிப்போட்டுத்தான் உள்ளுக்கு வரலாம்."

பின் கார்டனில் இருக்கும் ஷெட் உங்களுக்குத் தெரியும். வடை சுட்டால் வீட்டில் புகை அலாரம் கத்துகிறது என்று அங்கே ஒரு காஸ் அடுப்பு வைத்திருந்தோம். ஆகவே இடம் தயார். என்ன சமைப்பது என்பதுதான் தெரியவில்லை.

(ஃபோனில் தேடியிருக்கலாமே என்று நீங்கள் கேட்பீர்கள். லண்டனில் இருந்துகொண்டு லண்டன் சாப்பாட்டைத் தேடுவதா? எனக்கும் ஒரு மானம் இருந்தது.)

தோர்ன்டன் ஹீத்தில் ஒரு வயதான ஆங்கிலேயரின் இறைச்சிக் கடைக்குப் போனேன். லண்டன் புரொயில் வேண்டும் என்றதும் அவர் கத்தியை வைத்துவிட்டு, அப்படி ஒன்றைத் தான் வெட்டியதே இல்லை என்றார். பாவம், சொந்த ஊர்ச் சாப்பாடே தெரியாத மனிதர் என்று அவருக்காக இரங்கினேன். அவரோ என்மேல் இரங்கி, சேர்லொயின் என்ற துண்டின் கதையைச் சொன்னார். முன்னொரு காலத்தில் ஒரு ராசா அந்த இறைச்சியின் ருசியில் மயங்கி, வாளை எடுத்து அதைத் தொட்டு, "இன்று முதல் நீ சேர் லொயின்" என்று பிரபுப் பட்டம் கொடுத்தாராம். ஒரு துண்டு இறைச்சிக்குப் பட்டம் கொடுக்கிற நாட்டில் எனக்கு இன்னும் விசாவே சரிவரவில்லையே என்று யோசித்தபடி இரண்டு பெரிய துண்டு வாங்கி வந்தேன்.

அடுத்து யோசப் அண்ணையைக் கேட்டேன். மன்னார்க்காரர், கடையில் என்னோடு கிழங்கு வெட்டியவர், மாட்டிறைச்சி சாப்பிடுகிறவர். எனக்குத் தெரிந்த ஒரே நிபுணர்.

"லண்டன் புரொயிலோ? அதென்ன பெரிய வேலை தம்பி" என்றார் ஒரு நொடியும் யோசிக்காமல். "வினாகிரியில ஊறப்போடு. மிளகு போடு. எங்கட மிளகாய்த்தூள் மூண்டு கரண்டி. சட்டி சிவக்கச் சிவக்கக் காய்ஞ்சாப் பிறகு போடு. நான் எத்தினை தரம் செஞ்சிருப்பன்."

அவரும் அந்தப் பெயரை அன்றைக்குத்தான் கேள்விப்பட்டார் என்பதைப் பிறகு அவருடைய மனைவி சொல்லி அறிந்தேன்.

மாமா வந்தார். முன் அறையில் அண்ணையும் தங்கையும் கவுன்சில் அலுவலகத்தில் இலக்கம் கூப்பிடக் காத்திருப்பவர்கள் மாதிரி உட்கார்ந்திருந்தார்கள்.

"குளிர் குறைஞ்சிட்டுது போல."

"ஓம் அண்ணை. போன கிழமை சரியான குளிர்."

"ம்."

எல்லாம் இனி என் சட்டியில்தான் இருக்கிறது என்று நான் ஷெட்டுக்கு ஓடினேன். முதலில் கிழங்கைப் பொரித்தேன். அது எனக்குக் கைவந்த வேலை: மெல்லிய சூட்டில் ஒரு தரம், ஆறவிட்டு, கடும் சூட்டில் இன்னொரு தரம். பிறகு புதுச் சட்டியை யோசப் அண்ணை சொன்னபடி சிவக்கக் காயவைத்து, வினாகிரியும் மிளகாய்த்தூளும் சொட்டச் சொட்ட இறைச்சியைப் போட்டேன்.

பிள்ளைகளே, காய்ந்த இரும்பில் மூன்று கரண்டி யாழ்ப்பாணத்து மிளகாய்த்தூள் விழுந்தால் என்ன நடக்கும் என்பது ஆறு வயதில் ஆரணிக்கே தெரிந்திருக்கும். எனக்குக் கண் தெரியவில்லை. மூச்சு வரவில்லை. கதவைத் தேடி இரண்டு முறை சுவரில் முட்டினேன். கூரை இடுக்கெல்லாம் புகை. பக்கத்து வீட்டு அம்மா அதைப் பார்த்துவிட்டு, நல்ல மனதோடு தீயணைப்புப் படைக்கு ஃபோன் அடித்துவிட்டார்.

நான்கு பேர் பக்க வாசலால் உள்ளே வந்தார்கள். வந்த வேகத்திலேயே நான்கு பேரும் இருமத் தொடங்கினார்கள். நான் அடுப்பை அணைத்துவிட்டு, புல்லில் முழங்காலில் இருந்து கண்ணீர் விட்டுக்கொண்டிருந்தேன். நெருப்பு இல்லை என்று உறுதிசெய்த பிறகு, அவர்களில் பெரியவர் சட்டிக்குள் எட்டிப் பார்த்தார். செருப்பின் அடி மாதிரி இரண்டு கறுப்புத் துண்டுகள்.

இது என்ன என்று கேட்டார். லண்டன் புரொயில் என்றேன்.

"நான் குரோய்டனில் பிறந்தவன்" என்றார் அவர், கண்ணைத் துடைத்தபடி. "எனக்கு அப்படி ஒன்று தெரியாதே." மற்ற மூன்று பேரையும் கேட்டார். லண்டனில் பிறந்து வளர்ந்த மூன்று பேரும் வரிசையாக இல்லையென்று தலையை ஆட்டினார்கள்.

பின்கதவில் மாமா கையைக் கட்டிக்கொண்டு நின்றார். எல்லாவற்றையும் கேட்டுவிட்டார்.

"கிழமைக்கு ரெண்டு தரம் போடுறன் எண்டீர்."

"இல்லை அத்தான்."

"வீட்டுக்கு வீடு எண்டீர்."

"அதுவும் இல்லை அத்தான்."

அவர் திரும்பி, முன் அறையில் இருந்த தன் பயணப் பெட்டியைப் பார்த்தார். சரி, இன்னும் பதினொரு வருடம் என்று நினைத்தேன். அப்போதுதான் அம்மா வாயைத் திறந்தார்.

"அவர் பொய் சொன்னவர்தான். நீங்கள் கேட்டதுக்கு இல்லை எண்டு சொன்னா நீங்கள் வரமாட்டியள் எண்ட பயத்தில சொன்னவர். நான் இந்த வளவுக்குள்ள மாட்டிறைச்சி விட்டனான் அண்ணை. ஆருக்காக விட்டனான்?"

தீயணைப்புக்காரர்கள் நான்கு பேரும் தமிழ் விளங்கியவர்கள் மாதிரி நிலத்தைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள்.

மாமா மெதுவாகப் படியில் உட்கார்ந்தார். "மட்ராசில ஒரு கடையில நான் மைசூர்ப் பருப்புத் தா எண்டு கேட்டனான்" என்றார். "கடைக்காரன் முழிக்கிறான். நாங்கள் மைசூர்ப் பருப்பு, பம்பாய் வெங்காயம் எண்டு சொல்லிச் சொல்லி வளர்ந்தம். இந்தியாவில இருக்கிறவங்களுக்கு அந்தப் பேர் தெரியாது."

பிறகு மாமா ஷெட்டைக் கையால் காட்டினார்.

"இந்த லண்டன் புரொயில் எங்கட ஒபிஸ் கன்டீனில புதன்கிழமை போடுவாங்கள். அவ்வளவு ருசியும் இல்லை. லண்டன் எண்டு பேர் கிடக்கு. தங்கச்சி இருக்கிற ஊர்ச் சாப்பாடு எண்டு எடுத்துச் சாப்பிடுறனான்."

அம்மா விறுக்கென்று ஷெட்டுக்குள் போய், ஒரு தாச்சிச் சட்டி நிறைய நான் பொரித்த சிப்ஸைத் தூக்கிக்கொண்டு வந்து மாமாவின் மடிக்குப் பக்கத்தில் வைத்தார். மாமா ஒன்றை எடுத்துக் கடித்தார். இன்னொன்றை எடுத்தார். "இது உண்மையாவே நல்லா இருக்கு" என்றார் என்னைப் பார்த்து. "இதையே முதல்ல சொல்லியிருக்கலாம்." அந்த நான்கு பேரும் ஆளுக்கு ஒரு கை அள்ளிக்கொண்டுதான் போனார்கள்.

அதற்குப் பிறகு எனக்குச் சாப்பாட்டுப் பெயர்களில் ஒரு பைத்தியம் பிடித்தது. லண்டன் புரொயில் அமெரிக்காவில் பிறந்தது. அது ஒரு துண்டின் பெயர்கூட இல்லையாம், ஊறவைத்துக் கடும் சூட்டில் வாட்டிக் குறுக்கே மெல்லிசாகச் சீவும் முறையாம். சால்ஸ்பரி ஸ்டேக்குக்கும் இங்கே இருக்கும் சால்ஸ்பரிக்கும் சம்பந்தமில்லை. அது ஒரு அமெரிக்க வைத்தியரின் பெயர். போர்ட்டர்ஹவுஸ், போர்ட்டர் என்ற கறுப்பு பியர் விற்ற தவறணைகளின் பெயர் என்கிறார்கள். ஃபிரெஞ்ச் ஃபிரைஸ் தங்களுடையது என்று பெல்ஜியக்காரர் இன்னும் சண்டை பிடிக்கிறார்கள்: ஆறு உறைந்து மீன் கிடைக்காத பனிக்காலத்தில், கிழங்கை மீன் மாதிரி வெட்டிப் பொரித்தவர்கள் தாங்கள்தானாம். (உண்மையோ தெரியாது. ஆனால் சிப்ஸ் வெட்டும்போதெல்லாம் எனக்கு அந்த மீன்தான் ஞாபகம்.) ராசா பட்டம் கொடுத்த கதையும் பொய். சேர்லொயின் என்பது 'லொயினுக்கு (இடுப்புத் துண்டுக்கு) மேல்' என்ற பழைய பிரெஞ்சுச் சொல்லாம். கேட்டபோது எனக்குக் கவலையாகப் போய்விட்டது.

நம் வீட்டில் இன்றைக்கும் நான் ஏதாவது பொய் அடித்துவிட்டால், "அப்பா புரொயில் போடுறார், ஜன்னலைத் திறவுங்கோ" என்று ஆரணி சொல்கிறாள். மாமாவும் அங்கேயிருந்து ஃபோனில் அதையே சொல்கிறார். சொல்லுங்கள். எனக்கு வேண்டியதுதான்.

உங்களுக்குச் சொல்லாதது ஒன்று உண்டு. அன்றைக்குப் பின்னேரம் ஹீத்ரோவில் மாமாவை இறக்கியபோது, அம்மா உங்கள் இருவரையும் கூட்டிக்கொண்டு அவரோடு உள்ளே போனார். ஐந்து நிமிடத்தில் வருகிறேன் என்றவர் முக்கால் மணித்தியாலமாக வரவில்லை. நான் கார் பார்க்கில் தனியே, மிளகாய் நெடி வீசும் சட்டையோடு இருந்தேன். அம்மாவின் ஃபோன் பக்கத்து இருக்கையில் கிடந்தது. அதை எடுத்து, கடிகாரம் இருக்கும் இடத்தைத் தேடிக் கண்டுபிடித்து, லண்டன் நேரத்துக்குக் கீழே மாமாவின் நியூ ஜெர்சி நேரத்தையும் போட்டுவிட்டு, கிடந்த இடத்திலேயே திரும்ப வைத்தேன்.