அக்காவுக்கு மறந்துபோன வருடம்

பிரேக் மாஸ்டர் தன் வயதில் இரண்டைக் குறைத்துவிடுவது என்று முடிவு செய்தார். தலைக்குச் சாயம் அடித்து அல்ல, சட்டப்படி.

பேருந்துப் பணிமனையில் அவருக்கு அந்தப் பெயர்தான். எந்த வேகத்தில் வரும் வண்டியையும் நிற்க வைத்துவிடுவார். தான் நிற்க மட்டும் தெரியாது. மேலாளர் கூப்பிட்டு, அடுத்த மாதம் உங்களுக்குப் பணி ஓய்வு என்றபோது அவர் காதில் 'பிணி' என்றுதான் விழுந்தது.

உண்மையில் அவருக்கு இன்னும் இரண்டு வருடம் பாக்கி இருந்தது. அவர் சிறு பிள்ளையாக இருந்தபோது அம்மா வேலைக்குப் போய்விடுவாள். குழந்தையைப் பார்த்துக்கொள்ள வீட்டில் ஆள் இல்லை. அக்காதான் இடுப்பில் தூக்கிக்கொண்டு போய், வயதைக் கூட்டிச் சொல்லிப் பள்ளியில் சேர்த்துவிட்டாள். அந்தப் பிறந்த தேதியே பதிவேட்டில் ஏறி, வேலை வரைக்கும் கூடவே வந்துவிட்டது.

படித்த பள்ளியில் மனுக் கொடுத்து, மனைவிக்குத் தெரியாமல் முடித்துவிடத்தான் நினைத்தார். மகள் காய்ச்சலில் போனதிலிருந்து அவர் வீட்டுக்குத் தூங்க மட்டும்தான் வருவார். விடுமுறை என்றால் யாருடைய முறையையாவது கேட்டு வாங்கிக்கொள்வார். மகளின் அறையைத் தாண்டாமல் சமையலறைக்கு வழியில்லை. அதனால் தண்ணீரைக்கூடப் பணிமனையிலேயே குடித்துவிட்டு வந்தார். மகளைப் பற்றி மனைவி பேச வாயெடுத்தால் சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பிவிடுவார்.

ஆனால் பள்ளியின் தலைமை ஆசிரியை வீட்டுக்கே போன் செய்துவிட்டார். பிறப்புச் சான்று இல்லாததால், சேர்த்துவிட்டவரே நேரில் வந்து சொல்ல வேண்டுமாம். சொன்னால் தேதியைத் திருத்த மேலே எழுதுவாராம். போனை எடுத்தது மனைவி.

"அண்ணியை நானே போய்க் கூட்டிட்டு வரேன். நீங்க வேலையைப் பாருங்க," என்றாள்.

"உனக்குக் கோபம் இல்லையா?"

"எதுக்குங்க கோபம்? உங்க வயசு, நீங்க குறைக்கிறீங்க."

இவ்வளவு நல்லவளையா இத்தனை நாள் ஒதுக்கி வைத்தோம் என்று அவருக்கே வெட்கமாகிவிட்டது.

அக்காவின் ஞாபகசக்தி குடும்பத்தில் பிரசித்தம். யாருக்கு எந்தப் பல் எப்போது விழுந்தது என்பதுவரை சொல்லுவாள். பள்ளியில் தலைமை ஆசிரியை கேட்டதும் நிமிர்ந்து உட்கார்ந்தாள். நீலச் சட்டை போட்டுக் கூட்டி வந்தாளாம். அதில் மேல் பட்டன் இல்லையாம். வாசலில் அவன் போட்ட கூச்சலில் வாத்தியார் சாக்பீஸைக் கீழே போட்டுவிட்டாராம்.

"அப்போ அவருக்கு என்ன வயசும்மா?"

"அதுதான் ஞாபகம் வரலை."

பிரேக் மாஸ்டர் பதறினார். "அக்கா, ரெண்டு வயசு கூட்டிச் சொன்னேன்னு நீதானே எல்லார்கிட்டயும் சொல்லுவே?"

"சொல்லியிருப்பேன். எனக்கு வயசாயிடுச்சுடா தம்பி."

அவரைப் பார்க்காமல் சொன்னாள். மனைவியோ சுவரில் மாட்டியிருந்த உலகப் படத்தில் கடல்களைப் பார்த்துக்கொண்டிருந்தாள். தலைமை ஆசிரியை வருத்தம் தெரிவித்துப் பதிவேட்டை மூடினார்.

அக்காவைப் பஸ் ஏற்றிவிட்டுத் திரும்பும்போது அவர் கேட்டார்: "அக்காவுக்கு என்ன சொல்லிக்கொடுத்தே?"

மனைவி நின்றாள். "பொய் சொல்லுங்கன்னு கேக்கலைங்க. பொண்ணு போனப்ப எனக்கு ரெண்டு பேரும் போயிட்டாங்க அண்ணின்னு சொன்னேன். அவங்க ரொம்ப நேரம் அழுதாங்க. அப்புறம் அவங்களாதான், எனக்கு அந்த வருஷம் மறந்துபோச்சுன்னாங்க."

அவர் நடைபாதை ஓரத்தில் அப்படியே உட்கார்ந்துவிட்டார். அவளும் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"அந்த வீட்டுல என்னால இருக்க முடியலை," என்றார், தரையைப் பார்த்தபடி.

"எனக்கு மட்டும் முடியுதா? தனியா இருக்கேன், அவ்வளவுதான்."

 பிறகு அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, தனியார் பஸ் முதலாளி ஒருவர், ஓய்வு பெற்றதும் தன்னிடம் வரச் சொல்லியிருப்பதாகவும், பகலில் மட்டும் போனால் போதும் என்றும் மெல்ல ஆரம்பித்தார்.

"அவர்கிட்டயும் போய்ட்டு வந்துட்டேன்," என்றாள் மனைவி. "உங்களுக்கு இப்பல்லாம் கண்ணே சரியாத் தெரியலைன்னு சொல்லிட்டேன்."