பொதியப்பன் தின்ற கோப்பு

ஒரு காட்டில் சிங்கத்தின் அரசாங்கம் வெகு ஒழுங்காக நடந்துகொண்டிருந்தது. மூன்று பிரதியில் எழுதிக் கொடுக்காமல் ஒரு முயலைக்கூட அங்கே அடித்துத் தின்ன முடியாது. அந்த அரசாங்கத்தில் கோப்பு சுமக்கும் வேலை பொதியப்பன் என்ற கழுதைக்கு. சம்பளம் மாதம் இரண்டு கட்டு வைக்கோல்.

ஒருநாள் குளத்து மீன் ஏலக் கோப்பு காணாமல் போனது. கடைசியாக அதைப் பார்த்தது கண்காணிப்பாளர் நரி. ஏலம் எடுத்தது நரியின் மைத்துனன். 'கழுதை தின்றுவிட்டது' என்று நரி எழுதியது. கழுதைதானே, காகிதத்தைக் கண்டால் விடுமா என்று மேலிருந்தவர்கள் வரிசையாகக் கையெழுத்துப் போட்டார்கள். பொதியப்பனுக்கு வேலை போயிற்று.

வழக்கு ஒன்பது வருடம் நடந்தது. கோப்பு தொலைந்த அன்று பொதியப்பன் மலைக்கு அப்பால் தேர்தல் பெட்டி சுமந்துகொண்டிருந்த சங்கதியை, ஒன்பதாம் வருடம் கரடி நீதிபதி கண்டுபிடித்தார்.

"நீக்கம் செல்லாது. ஒன்பது வருடச் சம்பளத்தையும் கொடுத்துவிடுங்கள்" என்றார்.

பொதியப்பனுக்கு அழுகையே வந்துவிட்டது. வீட்டில் மனைவி வேலாயிக்கு விலா எலும்பை எண்ணிவிடலாம். வயிற்றில் குட்டி வேறு. தீர்ப்பைக் கவ்விக்கொண்டு அலுவலகத்துக்கு ஓடியது.

"தாராளமா வாங்கிக்கப்பா," என்றது நரி. "இந்த ஒன்பது வருஷமும் வேற வருமானம் இல்லைன்னு நிரூபிச்சாப் போதும்."

"இல்லீங்க ஐயா. பட்டினிதான்."

"பட்டினின்னா எப்படி உயிரோட இருக்கே?"

"ரோட்டோரப் புல்லு, சுவத்துல ஒட்டின போஸ்டருன்னு ஏதோ..."

"போஸ்டர் தின்னியா? அது வருமானமாச்சே! அதைக் கழிச்சா ஒண்ணும் மிஞ்சாதேப்பா."

"ஒண்ணுமே தின்னாம இருந்திருந்தா?"

"முழுச் சம்பளமும் உண்டு," நரி அனுதாபத்தோடு சொன்னது. "உன் வாரிசு வந்து வாங்கிக்கும்."

சொல்லும்போது எனக்கே வயிறு எரிகிறது. பொதியப்பனோ உட்கார்ந்து மனு எழுதியது. மனு, தீர்ப்பு, இருபத்தேழு இணைப்பு எல்லாம் சேர்த்துச் சிவப்பு நாடாவால் கட்டி, பதினோரு நாள் வராந்தாவில் நின்றது. பன்னிரண்டாம் நாள் மத்தியானம் அலுவலகமே சாப்பிடப் போயிருந்தது. உள்ளேயிருந்து குழம்பு வாசனை வேறு. பொதியப்பன் அந்தப்பக்கம் பார்த்தது, இந்தப்பக்கம் பார்த்தது, தன் கோப்பைத் தானே தின்றுவிட்டது.

சத்தியமாக, அதற்குமுன் அது ஒரு கோப்பையும் தின்றதில்லை.

ஏப்பம் விட்டபடி திரும்பிய நரி, கழுதையின் வாயில் தொங்கிய நாடாவைப் பார்த்தது. உடனே எழுதியது: 'கோப்பு தின்னும் பழக்கம் நேரில் நிரூபணம். பழைய நீக்கம் சரியே. கரடியாரின் தீர்ப்பு தற்போது மேற்படியாரின் வயிற்றில்.'

ஒன்பது வருடம் முன்கூட்டியே குற்றத்தைக் கண்டுபிடித்ததற்காக நரிக்குப் பதவி உயர்வு கிடைத்தது.

நீதி: செய்யாத குற்றத்துக்குத் தண்டனையை முதலிலேயே அனுபவித்துவிட்டால், குற்றத்தைப் பிறகாவது செய்து முடித்துவிட வேண்டும். அரசாங்கத்தில் எதுவும் நிலுவையில் நிற்கக் கூடாது, சம்பளத்தைத் தவிர.