ஒரு டஜன் அஸ்திக் கலசம்

அன்று காலை சுப்பிரமணி ஒரு காலில் மட்டும் சாக்ஸ் போட்டுக்கொண்டு, இன்னொன்றைக் கட்டிலுக்கடியில் தேடிக்கொண்டிருந்தார். மனைவி மணியம்மாள் எடுத்துக் கொடுத்தாள். ஆரம்பாக்கம் ஸ்டேஷனில் ஆறேகால் வண்டியைப் பிடித்து கும்மிடிப்பூண்டிக் கம்பெனிக்குப் போனவர், பகல் பதினொன்றுக்கு நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார். அவ்வளவுதான்.

மூன்றாம் நாள், அவருடைய அஸ்தி மண் கலயத்தில் வேப்பங்கிளையில் தொங்கியது.

"இத்த கடலுக்கு எடுத்துக்கினு போவமாட்டேன்" என்றாள் மணியம்மாள். "பத்தொம்போது வருசமா வெளிநாட்டுக்காரன் சாம்பலுக்கெல்லாம் பித்தளைக் கலசம் பாலிஷ் போட்ட மனுசன். அவரு கைபட்ட கலசத்துலதான் அவரு போவணும்."

துக்கத்துக்கு வந்த கம்பெனி ஆட்களும் அழுதார்கள். "அவரு கை இனிமே யாருக்கும் வராது அண்ணி."

மறுநாளே கம்பெனிக்குப் போனாள். அங்கே விற்பனை அதிகாரி ஸ்டீவன் சேர்ந்து இரண்டு மாதம்தான். அவன் முதுகுக்குப் பின்னால் உலகப் படம், கலசம் போகும் ஊரிலெல்லாம் குண்டூசிகள்.

"அமெரிக்காவுக்குப் பெரிய சைஸும்மா, அலமாரியில வச்சுப்பாங்க. ஜப்பானுக்குச் சின்னது. வடக்க திருகு மூடி கேக்கறாங்க, ரயில்ல காசிக்குப் போறப்ப சிந்தக் கூடாதாம். நம்ம பக்கம் டிமாண்ட் சைபர். மண் கலயம், கடலு, முடிஞ்சுது."

"எனக்கு ஒண்ணு வேணும்."

"டஜனுக்குக் கொறைஞ்சா கம்ப்யூட்டர் பில்லே போடாதும்மா."

"அப்ப டஜனா வர்றேன்."

பதினாறாம் நாளுக்குள் கரைத்தாக வேண்டும். நோட்டும் பேனாவுமாகக் கலசத்துக்கு ஆள் சேர்க்கத் தெருவில் இறங்கினாள்.

பக்கத்து வீட்டு தேசப்பன் திடுக்கிட்டான். "இன்னா அண்ணி, நான் நல்லாத்தான கீறேன்?"

"நல்லா கீறப்பவே எழுதிட்டா நல்ல பீஸா பொறுக்கி எடுக்கலாம்."

எதிர்வீட்டு சாராள் கையை விரித்தாள். "நாங்க பொதைக்கறவங்கக்கா."

"பூ வச்சுக்கோ. நாலா எழுதிக்கறேன்."

கடைசி வீட்டு நந்தினி குரலைத் தாழ்த்தி, "எங்க மாமியார் பேருக்கு ஒண்ணு" என்றாள். தாழ்த்தியது போதவில்லை.

"எனக்கு இன்னாடி அவசரம்?" என்று மாமியார் வெளியே வந்தாள். "இவ பேருக்கு எழுது மணி. பெரிய சைஸு."

சமாதானம் பண்ணப் போய், இருவர் பெயரையும் எழுதினாள். சண்டை தெருவுக்கு வந்தது. தன்னை மட்டும் யாருமே நினைக்கவில்லை என்று நந்தினியின் புருஷன் முறைத்துக்கொண்டான். அவனுக்கும் ஒன்று.

மறுநாள் ஆரம்பாக்கத்தில் ஏதோ விஷக் காய்ச்சல் என்று பேச்சு கிளம்பியது. ஜனங்கள் அடுத்தடுத்து கலசத்துக்குச் சொல்லி வைக்கிறார்களாம். மணியம்மாளைக் கண்டதும் வீடுகளில் கதவு சாத்தப்பட்டது.

அவள் வேப்பமரத்தடியில் நின்று கலயத்தை அண்ணாந்து பார்த்தாள். "இன்னும் மூணு பேருதான்யா. பொறுத்துக்கோ."

காய்ச்சலைக் கணக்கெடுக்க சுகாதார நர்ஸ் வந்தாள். மணியம்மாள் தெர்மாமீட்டரை வாயில் வைத்துக்கொண்டாள். எடுத்ததும் நோட்டை நீட்டினாள். நர்ஸ் தனக்கு ஒன்று, கூட வந்த உதவியாளருக்கு ஒன்று, ஜீப் டிரைவருக்கு ஒன்று எழுதிவிட்டுத் தப்பித்துப் போனாள்.

பதினைந்தாம் நாள் பட்டியலைப் பார்த்த ஸ்டீவன் எழுந்து நின்றுவிட்டான். உலகப் படத்தில் ஆரம்பாக்கத்தைத் தேடி ஒரு புதுக் குண்டூசி குத்தினான்.

"பதினொண்ணு எது வேணா குடு சாரு" என்றாள் மணியம்மாள். "என்னுது மட்டும் எங்க ஊட்டுக்காரர் பாலிஷ் போட்டதா இருக்கணும். பேரு சுப்பிரமணி."

ஸ்டீவன் பாலிஷ் ஆட்களின் பட்டியலில் தேடினான். இல்லை. போன வருடத்தில் தேடினான். அதிலும் இல்லை. பாலிஷ் பிரிவு மேஸ்திரி சின்னதுரையை வரவழைத்தான்.

சின்னதுரை அவளைக் கண்டதும் கும்பிட்டார். விஷயத்தைக் கேட்டதும் நெற்றியைச் சுருக்கினார்.

"பாலிஷா? அண்ணன் அந்தப் பக்கமே வந்ததில்லையே அண்ணி, அவருதான எங்க கேன்டீன் மாஸ்டரு; இன்னிக்கும் அங்க போர்டுல அவரு கையெழுத்துதான் கீது, 'வியாழன், வத்தக்குழம்பு'ன்னு."