இல்லாத பெரியப்பாவுக்குக் குழி பார்த்த கதை

ஒரு உண்மையை முதலிலேயே ஒப்புக்கொண்டு விடுகிறேன். என்னுடைய முகம் பிறவியிலேயே செத்தவீட்டு முகம். கல்யாணப் படங்களில்கூட நான் நிற்கும் மூலை மட்டும் துக்கம் விசாரிக்க வந்ததுபோல இருக்கும். (என்னுடைய சொந்தக் கல்யாணப் படமும் அப்படித்தான். மனைவி அதைச் சுவரில் மாட்டவிடாமல் பெட்டிக்குள் போட்டு வைத்திருக்கிறாள்.) இந்த முகத்தை நம்பி ஒருமுறை என்னை ஊழல் பிடிக்க மாறுவேடத்தில் அனுப்பினார்கள். என் துப்பறியும் உத்தியோகம் மொத்தம் ஒரு நாள்தான் நடந்தது. அதிலும் பெரும்பகுதி ஆறடி ஆழத்தில் நடந்தது.

வெள்ளைக்காரன் மூட்டை கட்டப்போகிறான் என்று கொழும்பு முழுக்கப் பேச்சாக இருந்த காலம். நான் யாழ்ப்பாணத்திலிருந்து வந்து ஆறு மாதம் ஆகியிருந்தது. வெள்ளவத்தையில் ஒரு அறையில் வாசம். உள்ளூராட்சிக் கந்தோர்களில் நடக்கும் லஞ்சத்தை விசாரிப்பதற்காகத் திறந்திருந்த ஓர் அலுவலகத்தில் தற்காலிக எழுதுவினைஞன் வேலை. வருகிற முறைப்பாடுகளைத் தட்டச்சில் மூன்று பிரதி எடுக்கவேண்டும். அவ்வளவுதான். அதை ஒழுங்காகச் செய்துகொண்டு இருந்திருக்கலாம்.

ஒருநாள் ஞானம்மா என்ற ஒரு பெண் வந்தாள். துறைமுகத்தில் மூட்டை சுமந்த சவரிமுத்து என்பவரின் விதவை. அவரைக் கொட்டாஞ்சேனைப் பக்கத்து மயானம் ஒன்றில் அடக்கம் செய்திருந்தார்கள். (மயானத்தின் பெயர் வேண்டாம். அங்கே படுத்திருப்பவர்கள் என்ன பாவம் செய்தார்கள்?) மரித்தவர்களின் திருநாளன்று மெழுகுதிரியோடு போனவளுக்கு, புருஷனின் மரச்சிலுவை நின்ற இடத்தில் வேறு யாருக்கோ கட்டிய சலவைக்கல் சமாதிதான் கிடைத்தது. மயானக் கீப்பரிடம் கேட்டிருக்கிறாள். “இங்கதான் எங்கயோ இருக்காரு அம்மா” என்று அவர் சொல்லிவிட்டார்.

ஞானம்மா என் மேசைக்கு முன்னால் நின்று அழவில்லை. அதுதான் என்னை என்னவோ செய்தது.

“தம்பி, ஆருக்கும் தண்டனை வாங்கிக் குடுங்க எண்டு நான் கேக்கல்ல. அவர் எங்க இருக்காரு எண்டு மட்டும் சொல்லுங்க. நான் திரிய எங்க கொளுத்துறது?”

சவப்பெட்டியில் அடையாளம் ஏதும் உண்டா என்று கேட்டேன். பிஸ்கட் டின் மூடி ஒன்றை வெட்டி, ஆணியால் குத்திக் குத்தி அவருடைய பெயரை அவளே எழுதி அடித்திருந்தாளாம். கடைசி எழுத்துக்குத் தகரத்தில் இடம் போதாமல் ‘து’ மட்டும் கீழே இறங்கிவிட்டதாம். அதையும் தட்டச்சு செய்தேன், மூன்று பிரதி.

எங்கள் மேலதிகாரி துரைசிங்கம் ஐயா முறைப்பாட்டை வாசித்துவிட்டு மூக்குக்கண்ணாடியைக் கழற்றி என்னைப் பார்த்தார்.

“உம்மைப் பார்த்தால் எனக்கே அழுகை வருகுது. நீர்தான் போகவேணும்.”

திட்டம் இதுதான். நான் கத்தோலிக்கப் பையனாகப் போய், பெரியப்பா இறந்துவிட்டார், அடக்கம் செய்ய இடம் வேண்டும் என்று சொல்லவேண்டும். கீப்பர் லஞ்சம் கேட்பார். நான் மையால் புள்ளி வைத்த ஒரு நோட்டைக் கொடுத்துவிட்டு, வெளியே வந்து வெள்ளைக் கைக்குட்டையை ஆட்டவேண்டும். மதிலுக்கு வெளியே கடலை விற்கிறவர்போல உட்கார்ந்திருக்கும் எங்கள் பியூன் காசிம் நானா, ஒரு பொலிஸ்காரரோடு உள்ளே பாய்வார். கோப்பில் லஞ்சத்தைச் ‘சட்டவிரோத வெகுமதி’ என்று எழுதியிருந்தது. கீப்பர் அந்தச் சொல்லைச் சொல்லாவிட்டாலும் லஞ்சம் என்றாவது சொல்லுவார் என்று நான் நம்பிப் போனேன். மடையன்.

மயானத்துக்குள் நான் நுழைந்தபோது நேரம் பன்னிரண்டு. உச்சி நேரத்தில் அந்தப் பக்கமே போகக்கூடாது என்று சொல்லித்தான் எங்கள் வீட்டில் பிள்ளை வளர்ப்பார்கள். காலையில் பெய்த மழை விட்டிருந்தது. வானம் சாம்பல் நிறம். வெளியே வண்டியும் வாகனமும் போய்க்கொண்டிருந்த சத்தம் வாசலைத் தாண்டியதும் சட்டென்று நின்றுவிட்டது, யாரோ கதவைச் சாத்தியதுபோல. சிலுவைகள்மேல் காகங்கள் இருந்தன. ஒன்றுகூடக் கத்தவில்லை. எல்லாம் ஒரே பக்கம் திரும்பி உட்கார்ந்திருந்தன. அந்தப் பக்கத்தில் நான்தான் நின்றேன்.

கீப்பர் ஜுவானிஸ் சின்ன உருவம். வெள்ளைச் சட்டை, அப்பழுக்கில்லை. அவர் என்னை என்ன விஷயம் என்று கேட்கவில்லை. காலிலிருந்து தலைவரை மெதுவாக ஒருதரம் பார்த்தார். பிறகு ஒரு துண்டில் ஏதோ ஓர் இலக்கத்தை எழுதினார். அது என்னுடைய உயரம் என்று அப்போது எனக்குத் தெரியாது.

“செத்தது ஆரு, மாத்தயா?” (மாத்தயா என்றால் சிங்களத்தில் ஐயா.)

“பெரியப்பா, ஐயா.”

“எல்லாம் செஞ்சு தரலாம். மேட்டுப் பக்கம் நல்ல எடம் இருக்கு. தண்ணி நிக்காது.” குரலைத் தாழ்த்தினார். “சந்தோசம் ஒண்ணும் இல்லையா?”

எனக்கு நெஞ்சு கொதித்தது. என்ன மனிதர் இவர்?

“என்ன ஐயா கதைக்கிறியள்? பெரியப்பா மோசம் போய்க் கிடக்கிறார். எனக்கு என்ன சந்தோசம்?”

“கொஞ்சங்கூட இல்லையா?”

“துளிகூட இல்லை” என்றேன். கண்ணில் தண்ணீர்கூட வந்துவிட்டது. என் நடிப்பை நானே மெச்சிக்கொண்டேன். (புள்ளி வைத்த நோட்டு சட்டைப் பைக்குள் சும்மா கிடந்தது.)

“பாவம்” என்றார் கீப்பர். யாரைச் சொன்னார் என்று விளங்கவில்லை.

அவர் ஏன் இன்னும் லஞ்சம் கேட்கவில்லை என்று எனக்கு யோசனையாகப் போய்விட்டது. பேச்சை வளர்ப்போம் என்று அக்கறையாக ஒரு கேள்வி கேட்டேன்.

“மூன்றாம் நாள் சாம்பல் அள்ள எத்தனை மணிக்கு வரலாம்?”

கீப்பரின் பேனா நின்றது. எரிக்கிற சனம் கேட்கும் கேள்வியைப் புதைக்கிற இடத்தில் கேட்டிருக்கிறேன் என்று எனக்கு உறைக்க நேரம் எடுத்தது. அவர் கண் என் நெற்றிக்குப் போனது. திருநீற்றை அழித்துவிட்டுத்தான் வந்திருந்தேன். இருந்தாலும் கை தானாகத் தடவிப் பார்த்தது.

“நீங்க எந்தக் கோயில், மாத்தயா?”

“பிள்ளையார்…” என்று வந்துவிட்டது. விழுங்கினேன். “பிள்ளை… யேசு கோயில்.”

அவர் முதல்முறையாகச் சிரித்தார். பல் தெரியாத சிரிப்பு.

“வாங்க, எடம் பாப்பம்.”

முன்னால் அவர், பின்னால் நான். ஈரமண் செருப்பை ஒவ்வோர் அடியிலும் பிடித்துப் பிடித்து விட்டது. அவருடைய காலடிச் சத்தம் மட்டும் கேட்கவே இல்லை. போகிற வழியில் வீதியில் கண்ட ஆட்களைப்போலச் சமாதிகளை அறிமுகம் செய்துகொண்டு போனார்.

“இவர் தபால் கந்தோர். இவ பேக்கரிக்காரர்ட பொஞ்சாதி, நல்ல மனுசி.” பிறகு தாழ்ந்துபோய்த் தண்ணீர் நின்ற ஒரு மண்மேட்டைக் காட்டினார். அதில் சிலுவையும் இல்லை, பெயரும் இல்லை. “இவர்ட மகனும் வந்து சந்தோசம் இல்ல எண்டுதான் சொன்னாரு.”

அந்த மகனுக்காக நான் உச்சுக்கொட்டினேன். தகப்பன் செத்தால் யாருக்குத்தான் சந்தோஷம் இருக்கும்?

எல்லை மதிலோரம் புதிதாக வெட்டிய ஒரு குழி இருந்தது. உள்ளே ஓர் ஏணி. “பெரியப்பா என்ன ஒசரம்?” என்று கேட்டார்.

“என்ர உயரந்தான்.”

“அப்ப எறங்கிப் படுத்துப் பாருங்க. சொந்தக்காரர்தானே அளவு பாக்கணும்.”

இந்த இடத்தில் வாசிப்பவர்கள் என்னைத் திட்டுவீர்கள். திட்டுங்கள். ஆனால் நான் சைவ வீட்டுப் பிள்ளை, அடக்கத்தைக் கண்ணால் கண்டதில்லை. நம்மிடத்தில் கொள்ளி வைப்பது மகன் என்றால், இவர்களிடத்தில் குழி அளப்பது பெறாமகன், அதாவது தம்பியின் மகன், போலும் என்று நினைத்தேன். மறுத்தால் கத்தோலிக்கன் இல்லை என்று தெரிந்துவிடுமே! இறங்கினேன். படுத்தேன். அவர் சொன்னபடி கைகளை நெஞ்சில் குறுக்காக வைத்து, கண்களையும் மூடிக்கொண்டேன்.

“அளவு சரியா?” குரல் மேலேயிருந்து வந்தது.

“ஓம், நல்லாயிருக்கு.”

“அப்பிடியே இருங்க. பழகட்டும்.”

கண்ணைத் திறந்தபோது ஏணி இல்லை. வானம் ஒரு துவாய்த்துண்டு அளவுக்குச் சுருங்கியிருந்தது. கூப்பிட்டுப் பார்த்தேன். என் குரலை மண் அப்படியே குடித்துவிட்டது. எழுந்து விளிம்பை எட்டிப் பிடித்தேன், ஏற முடியவில்லை. பிடித்த இடமெல்லாம் உதிர்ந்தது. நான் உண்மையாகவே பயந்தேன். மறுபடியும் படுத்துவிட்டேன்.

அப்போதுதான் அந்தச் சத்தம் கேட்டது. இடது காதுக்குப் பக்கத்தில், சொட்டு, சொட்டு என்று. மேலேயிருந்து அல்ல. மண்சுவருக்கு உள்ளேயிருந்து. யாரோ பக்கத்தில் படுத்துக்கொண்டு நாக்கைத் தட்டுவதுபோல.

விலகிப் படுக்க இடமில்லை. முழங்கை சுவரில் முட்டியது. மண் கட்டியாக விழுந்தது. விழுந்த இடத்தில் ஒரு பலகையின் முனை. அதில் குளிர்ந்த ஒரு தகரம். தகரத்தில் மேடும் பள்ளமுமாகப் புள்ளிகள். விரலை எடுக்கவேண்டும் என்று நினைத்தேன். விரல் எடுபடவில்லை, அது பாட்டுக்கு வாசிக்கத் தொடங்கியது. ச. வ. ரி. மு. த். அதோடு தகரம் முடிந்தது. விரல் கீழே இறங்கியது. அங்கே ‘து’ இருந்தது.

உடம்பில் ஒரு மயிர் பாக்கியில்லாமல் எழுந்து நின்றது. இடத்தை விற்பதற்காக அவரைக் கிளப்பி, கொண்டுவந்து மதிலோரம் செருகியிருக்கிறார்கள். எங்கே செருகினார்கள் என்பதைச் செருகியவர்களே மறந்து, ஒட்டி அடுத்த குழியையும் வெட்டியிருக்கிறார்கள். கோபப்பட்டிருக்கவேண்டும். ஆனால் எனக்கு வந்தது அழுகை. என் வாயிலிருந்து வந்த வார்த்தையை இன்றுவரை நான் துரைசிங்கம் ஐயாவிடம் சொல்லவில்லை.

“அண்ணை, வீட்டில உங்களைத் தேடுகினம்.”

சொட்டுச் சத்தம் நின்றது. (மழைத்தண்ணீர் வடிந்து முடிந்திருக்கும் என்று ஐயா பிறகு விளக்கம் சொன்னார். அவர் அங்கே படுத்திருக்கவில்லை.)

எவ்வளவு நேரம் போனதோ, சின்ன மணிச்சத்தம் ஒன்று நெருங்கி வந்தது. ஒரு பிரேத ஊர்வலம். அந்தக் குழி அவர்களுக்குத்தான்! விளிம்பில் தலைகள் வரிசையாக எட்டிப் பார்த்தன. நான் மண் பூசிய முகத்தோடு எழுந்து நின்று, வேஷம் கலையக்கூடாது என்ற ஒரே நினைப்பில், மரியாதையாகச் சொன்னேன்.

“மன்னிக்கவேணும், இந்த இடம் எங்களுக்கு எண்டு சொன்னவர்.”

பிறகு நடந்ததை நான் பார்க்கவில்லை, கேட்கத்தான் முடிந்தது. ஒரு அலறல், ஒரு தடார், பிறகு நிறையக் கால்கள் ஓடும் சத்தம். பெட்டிக்குள் இருந்தவர் மட்டுந்தான் நிதானம் தவறவில்லை. எனக்குக் கைக்குட்டை நினைவு வந்தது. எட்டி எட்டி ஆட்டினேன். மதிலுக்கு மேலால் பார்த்துக்கொண்டிருந்த காசிம் நானாவின் கண்ணுக்கு, ஆட்கள் ஓடிப்போன மயானத்தில் மண்ணுக்குள்ளிருந்து ஒரு வெள்ளைத்துணி எழும்பி எழும்பி அசைந்திருக்கிறது. அவரும் பொலிஸ்காரரும் ஓடிய ஓட்டம் புறக்கோட்டையில்தான் நின்றதாம். கடைசியில் கண்பார்வை மங்கிய வயதான பாதிரியார் ஒருவர்தான் ஓடாமல் நின்று, குடைக்கம்பை நீட்டி என்னை மேலே இழுத்தார்.

“ஆரின்ர பிள்ளை நீ?” என்று கேட்டார். நான் கைக்குட்டையால் முகத்து மண்ணைத் துடைத்தேன்.

காசிம் நானாவிடம் நடந்ததைச் சொன்னபோது அவர் தலையில் கைவைத்தார்.

“அல்லாவே! சந்தோசம் எண்டா சல்லி, தம்பி, லஞ்சக் காசு! கொழும்புல கைக்குள்ள வைக்கிறதுக்குப் பேரே அதுதான். ஆறு மாசமா என்னத்தப் படிச்சீங்க?”

விசாரணையில் என்னைச் சாட்சியாக நிறுத்தினார்கள். கீப்பர் என்ன கேட்டார்? “சந்தோசம் இல்லையா எண்டு கேட்டவர்.” நீர் என்ன சொன்னீர்? “துளிகூட இல்லை எண்டனான்.” மொழிபெயர்ப்பாளர் அதை, மயானக் கீப்பர் சாட்சியின் மனமகிழ்ச்சியைப் பற்றி அன்போடு விசாரித்தார் என்று ஆங்கிலத்தில் பதிந்தார். லஞ்சக் குற்றச்சாட்டு அந்த இடத்திலேயே படுத்துவிட்டது. ஆனால் தகரம் பொய் சொல்லவில்லை. குழியைத் தோண்டிப் பெட்டியை எடுத்தார்கள். விற்ற இடத்தை மறுபடி மறுபடி விற்றது ஒவ்வொன்றாக வெளியே வந்தது. ஜுவானிஸின் வேலை போனது. சவரிமுத்து மேட்டுப் பக்கத்துக்குப் போனார், தண்ணீர் நிற்காத இடத்துக்கு.

ஞானம்மா வந்து தகரத்தைத் துடைத்து, கீழே இறங்கிப்போன ‘து’வின்மேல் விரலை வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றாள். அன்றைக்குத்தான் அழுதாள். பிறகு இரண்டு திரி கொளுத்தினாள்.

“ஒண்டு அவருக்கு. மத்தது ஒங்களுக்கு.”

“நான் உயிரோட இருக்கிறன், அம்மா.”

“தெரியும் தம்பி. இருட்டுக்குள்ள அவருக்குத் தொணையாக் கெடந்தது நீங்கதானே.”

எங்கள் வீட்டில் இது முடிந்துபோன கதை இல்லை. நான் மத்தியானத்தில் சற்றுக் கண்ணயர்ந்து கைகளை நெஞ்சில் வைத்தால் போதும், பிள்ளைகள் வாசலில் நின்று “அளவு சரியோ?” என்பார்கள். புதுக் கட்டில் வாங்கப்போன கடையில், கடைக்காரருக்கு முன்னாலேயே கேட்டார்கள். யாராவது வந்து “மெத்தச் சந்தோசம்” என்று சொன்னால், மனைவி உடனே என் சட்டைப் பையைப் பார்ப்பாள்.

ஞானம்மாவும் இப்போது மேட்டுப் பக்கத்தில்தான், அவருக்குப் பக்கத்தில். அவளுடைய மகள் விடாமல் திருநாளுக்குத் திருநாள் போகிறாள். தாய்க்கு ஒன்று, தகப்பனுக்கு ஒன்று, எனக்கு ஒன்று என்று மூன்று திரி கொளுத்திவிட்டு, வருகிற வழியில் எங்கள் வீட்டில் ஏறிச் சொல்லிவிட்டுப் போவாள். இந்த வருஷமும் வந்து போனாள். நான் அறைக்குள் படுத்திருந்தேன்.

மனைவி குசினி அடுப்படியிலிருந்து கூப்பிட்டாள்.

“உங்கட திரியும் கொளுத்தியாச்சாம். எழும்பி வந்து சாப்பிடுங்கோ.”